தீர்ப்பு கையில இருக்கு, சுவர் இன்னும் நிக்குது: வாசகர் கேள்வி பதில்

நம்ம ரீயூனியன் தீவுலேர்ந்து இந்த மாசம் வந்த கடிதங்கள்ல நெறைய பேர் ஒரே வேதனையத்தான் எழுதியிருக்கீங்க. பக்கத்து வீட்டோட வழக்கு, அலையோ அலைன்னு அலைஞ்சு ஜெயிச்சாச்சு, ஆனா அங்க ஒரு கல்லுகூட நகரல. அதனால மத்த கேள்விகள அடுத்த இதழுக்கு தள்ளி வெச்சுட்டு இதுக்கு மட்டும் பதில் எழுதறேன். பேர் போட வேணாம்னு கேட்டிருக்கீங்க, ஊர் மட்டும் போட்டிருக்கேன்.

கேள்வி (சேந்தாந்த்ரேலேர்ந்து ஒரு அம்மா): பக்கத்து வீட்டுக்காரர் கராஜ் கட்டும்போது எங்க நிலத்துக்குள்ள 40 சென்டிமீட்டர் வந்துட்டாரு. நிலம் அளக்கற ழெயோமேத்ர் வந்து அளந்து குடுத்தாரு, சேன்-துனி திரிபுனால்ல, அதாவது கோர்ட்ல, கேஸ் போட்டோம், அவரும் அவொக்கா (வக்கீல்) வெச்சு வாதாடினாரு, கடைசில எங்க பக்கம் தீர்ப்பு. சிஞ்ஞிஃபிக்காசியோன் (தீர்ப்ப முறைப்படி எதிராளிகிட்ட சேக்கறது) ஆன நாள்லேர்ந்து 4 மாசத்துல சுவர இடிக்கணும், தவறினா நாளுக்கு 50 ஈரோ அஸ்த்ரேன்த்னு (செய்யற வரைக்கும் ஏறிக்கிட்டே போற தொகை) போட்டிருக்கு. நாங்க தீர்ப்போட காப்பிய ரெக்கொமாந்தே, அதாவது ரிஜிஸ்டர், தபால்ல அவருக்கு அனுப்பி ஒரு வருஷம் ஆச்சு, அவர் கண்டுக்கவே இல்ல. ஆள வெச்சு நாமளே இடிச்சிடலாம்ங்கறாரு என் வீட்டுக்காரர். ஊர்ல இருக்கற என் தம்பி, கோர்ட் உத்தரவ மீறினா ஜெயில்தானே, அங்க ஏன் பிடிக்கலன்னு கேக்கறான். என்னங்க பண்றது?

பதில்: அம்மா, மொதல்ல கஷ்டமான சேதிய சொல்லிடறேன், மென்னு முழுங்கினா உங்களுக்கு இன்னொரு வருஷம் போயிடும். அந்த 50 ஈரோ இன்னும் ஒரு நாளைக்குகூட ஓட ஆரம்பிக்கல. நீங்க அனுப்பின ரெக்கொமாந்தே சிஞ்ஞிஃபிக்காசியோன் ஆகாது. அத தீர்ப்ப நிறைவேத்தற அதிகாரியான உய்சியேதான் முறைப்படி கொண்டு போய் குடுத்து பத்திரம் எழுதணும். 2022 ஜூலை 1லேர்ந்து அவங்களுக்கு கொமிசேர் து ழுஸ்தீஸ்னு பேர் மாத்திட்டாங்க, போர்டுல அதான் இருக்கும், நம்ம ஜனங்க இன்னும் உய்சியேன்னுதான் சொல்றாங்க, நானும் அப்படியே எழுதறேன்.

கோர்ட்டே அனுப்பிடும்னு நம்பி எத்தனையோ குடும்பம் தீர்ப்ப பீரோவுல பூட்டி வெச்சிருக்கு. இந்த மாதிரி வழக்குல கோர்ட் அனுப்பாது, ஜெயிச்சவங்கதான் உய்சியேகிட்ட குடுக்கணும். தீர்ப்பு வந்த அன்னிக்கே இத ஒருத்தர் எடுத்து சொல்லியிருந்தா உங்களுக்கு இந்த ஒரு வருஷம் வீணா போயிருக்காது, அத நெனச்சா எனக்கு ஆத்திரமாத்தான் வருது.

நல்ல சேதியும் இருக்கு. உங்க எதிராளி கோர்ட்டுக்கு வந்து வாதாடினவர், அதனால தீர்ப்பு செத்துப் போகல. அவர் வராமலே இருந்து தீர்ப்பு ஆகியிருந்தா 6 மாசத்துக்குள்ள சிஞ்ஞிஃபிக்காசியோன் பண்ணலன்னா அந்த தீர்ப்பே செல்லாம போயிருக்கும், அப்படிப்பட்டவங்க இத படிச்சா இன்னிக்கே உய்சியேகிட்ட ஓடுங்க. உங்களுக்கு நிறைவேத்திக்க 10 வருஷம் இருக்கு, இருக்கேன்னு உக்காந்துடாதீங்க.

இப்போ உங்க அவொக்காகிட்ட பேசுங்க. அவர் மொதல்ல எதிர்தரப்பு அவொக்காவுக்கு தீர்ப்ப முறைப்படி தெரிவிக்கணும், அதுக்கப்புறம்தான் உய்சியே எதிராளி கையில குடுக்கணும், இந்த வரிசை மாறினா பின்னாடி செல்லாதுன்னு சண்டைக்கு வருவாங்க. குடுத்த நாள்லேர்ந்து அவருக்கு அப்பீலுக்கு ஒரு மாசம், இடிக்க 4 மாசம். அந்த 4 மாசம் முடிஞ்ச மறுநாள் காலையில அதே உய்சியேவ கூப்பிட்டு ஒரு கொன்ஸ்தா எழுதச் சொல்லுங்க, அதாவது சுவர் இன்னும் நிக்குதுன்னு போட்டோவோட ஒரு பத்திரம். இடிச்சுட்டேன்னு நிரூபிக்க வேண்டியது அவர்தான், சட்டப்படி அந்த பாரம் உங்க மேல இல்ல, ஆனாலும் கையில கொன்ஸ்தா இருந்தா ஜட்ஜ் முன்னாடி பேச்சு சுருக்கமா முடியும். ஞாயித்துக்கிழமையும் அரசு லீவ் நாள்லயும் உய்சியே நிறைவேத்துற வேலைக்கு வர மாட்டாங்க, டிசம்பர் 20 நம்ம தீவுல லீவுங்கறத மறந்துடாதீங்க, மத்த நாள்லயும் காலை 6லேர்ந்து ராத்திரி 9 வரைக்கும்தான்.

கொஞ்ச மாசம் ஓடின பிறகு, தீர்ப்ப நிறைவேத்தற விஷயங்கள பாக்கற ழுழ் து லெக்செக்குசியோன், சுருக்கமா ழெக்ஸ், அந்த ஜட்ஜ்கிட்ட போய் அஸ்த்ரேன்த கணக்கு பண்ணி காசா மாத்திக் குடுங்கன்னு கேக்கணும். போறதுக்கு முன்னாடி தீர்ப்ப ஒரு தடவ நல்லா படிங்க. சில தீர்ப்புல அஸ்த்ரேன்த நானே கணக்கு பாக்கறேன்னு அந்த ஜட்ஜ் தனக்கே வெச்சுக்குவாரு, அப்படி எழுதியிருந்தா ழெக்ஸ்கிட்ட போனா திருப்பி அனுப்பிடுவாங்க, அந்த பழைய ஜட்ஜ்கிட்டயேதான் போகணும். கேக்கற தொகை 10,000 ஈரோவ தாண்டினா அவொக்கா கட்டாயம்.

அந்த காசு அரசாங்கத்துக்கு போகாது, உங்களுக்குத்தான். ஆனா 50 ஈரோவ 200 நாளால பெருக்கி 10,000 அப்படியே கைக்கு வரும்னு கணக்கு போட்டுடாதீங்க. தீர்ப்புல வேற மாதிரி சொல்லாத வரைக்கும் அது ப்ரொவிசுவார், அதாவது தற்காலிக, அஸ்த்ரேன்த், எதிராளி எப்படி நடந்துக்கிட்டாரு, அவருக்கு நிஜமாவே என்ன கஷ்டம் வந்துச்சுன்னு பாத்து ஜட்ஜ் குறைக்கலாம். 2022 ஜனவரி 20ல ஃப்ரான்ஸோட உச்ச கோர்ட்டான கூர் து கஸ்ஸாசியோன் இன்னொண்ணும் சொல்லிடுச்சு, வழக்கோட மதிப்புக்கும் அஸ்த்ரேன்த் தொகைக்கும் ஒரு பொருத்தம் இருக்கான்னு ஜட்ஜ் பாக்கணும்னு. அதனால குறைச்சு வந்தா மனசு உடையாதீங்க, அதே மனுவுலயே அடுத்த தடவைக்கு இன்னும் பெரிய தொகை, முடிஞ்சா தெஃபினித்திஃப், அதாவது குறைக்க முடியாத அஸ்த்ரேன்த் கேளுங்க. அப்பவும் அசையலன்னா அவர் செலவுலயே நாங்க மேஸ்திரி வெச்சு இடிச்சுக்க அனுமதி குடுங்கன்னு கேக்கலாம். அஸ்த்ரேன்த் ஒருதடவ காசா மாறிட்டா அது சாதாரண கடன் மாதிரிதான், உய்சியே அவரோட பேங்க் கணக்க பிடிக்கலாம், வீட்டு மேல ஹிப்போதேக் (அடமான உரிமை) போடலாம். என் அனுபவத்துல நெறைய சுவர் இந்த கட்டத்துலதான் எறங்குது.

உங்க வீட்டுக்காரர் சொன்னது வேணவே வேணாம்மா. அனுமதி இல்லாம நீங்க இடிச்சா அடுத்தவங்க சொத்த நாசம் பண்ணினதா க்ரிமினல் கேஸ், 2 வருஷ ஜெயில் 30,000 ஈரோ அபராதம் வரைக்கும் சட்டத்துல இருக்கு. இவ்வளவு பாடுபட்டு ஜெயிச்சவங்க குத்தவாளி கூண்டுல ஏறக்கூடாது. தம்பி சொன்னதும் பொய் இல்ல, இந்தியாவுல சிவில் ப்ரொசீஜர் கோட் ஆர்டர் 21 ரூல் 32ல தடை உத்தரவ மீறினவங்கள சிவில் சிறையில வைக்க வழி இருக்கு. இங்க ஃப்ரெஞ்சு சட்டம், பக்கத்து வீட்டு சுவருக்காக யாரையும் ஜெயிலுக்கு அனுப்ப மாட்டாங்க, பர்ஸ்ல கை வெச்சுத்தான் பணிய வைப்பாங்க.

கேள்வி (லெ தாம்பொன்லேர்ந்து ஒரு வாசகர்): பக்கத்து வீட்டு லெச்சி மரத்தோட கிளை எங்க கூரை மேல சாஞ்சு கெடக்கு. வெட்டச் சொல்லி போன வருஷம் தீர்ப்பு வாங்கினேன், ஒருதடவ பேருக்கு வெட்டினாங்க, இப்போ திரும்ப வளந்துடுச்சு. அஸ்த்ரேன்த் எதுவும் போடல. நானே வெட்டலாமா?

பதில்: கிளைய நீங்க வெட்டக்கூடாதுங்க, சிவில் கோட் 673ல அப்படித்தான் இருக்கு, மர சொந்தக்காரர வெட்ட வைக்கத்தான் உங்களுக்கு உரிமை. வேரும் முள்ளும் சின்ன குச்சியும் உங்க எல்லைக்குள்ள வந்தா எல்லைக்கோடு வரைக்கும் நீங்களே வெட்டிக்கலாம். தானா உங்க பக்கம் விழுந்த லெச்சி உங்களோடது, மரத்துலேர்ந்து பறிச்சா அது அவங்களோடது. நவம்பர் டிசம்பர்ல இந்த பறிக்கறதுலதான் பாதி சண்டையே, அதுல மட்டும் விட்டுக் குடுத்துடுங்க, வழக்குல உங்க பேர் சுத்தமா இருக்கும்.

தீர்ப்புல அஸ்த்ரேன்த் இல்லன்னா பரவால்ல, வேற ஜட்ஜ் குடுத்த தீர்ப்புக்கும் ழெக்ஸ் பின்னாடி அஸ்த்ரேன்த் சேக்கலாம், அவசியம்னு காட்டினா போதும். அதுக்கு மொதல்ல கொன்ஸ்தா எடுங்க, கிளை எத்தனை மீட்டர் உள்ள வந்திருக்குன்னு அளவோட எழுதச் சொல்லுங்க. 2024 ஜனவரில பெலால், 2025 பிப்ரவரி 28ல கரான்ஸ்னு ரெண்டு புயல பாத்த தீவு இது, கூரை மேல கிளை கெடந்தா என்ன ஆகும்னு ஜட்ஜுக்கு பாடம் எடுக்க வேண்டியதில்ல. ஒண்ண மட்டும் கவனிங்க. தீர்ப்பு அப்போ இருந்த கிளைய வெட்டுன்னு மட்டும் சொல்லுதா, இல்ல எல்லை தாண்டாம பராமரிக்கணும்னு சொல்லுதா? மொதலாவதுன்னா, நாங்க ஒருதடவ வெட்டிட்டோம், தீர்ப்ப முடிச்சிட்டோம்னு அவங்க சொல்ல எடம் இருக்கு, புதுசா கேக்க வேண்டி வரும். இனிமே கேஸ் போடற மத்தவங்க மனுவுலயே பராமரிப்பையும் அஸ்த்ரேன்தையும் சேத்து கேளுங்க.

கேள்வி (சேன்போல்லேர்ந்து ஒரு சகோதரி): வழிய மறிச்சு போட்ட கேட்ட எடுக்கச் சொல்லி எங்களுக்கு ஜெயம். அந்த ஆள் பாரீஸ் பக்கம் இருக்காரு, அப்பீல் போட்டுட்டேன், முடியற வரைக்கும் தொடக்கூடாதுன்னு மிரட்டறாரு. உண்மையா?

பதில்: 2020 ஜனவரி 1க்கு அப்புறம் போட்ட வழக்குன்னா பொதுவா மொத கோர்ட் தீர்ப்பு அப்பீல் இருந்தாலும் உடனே நிறைவேத்தலாம், ஜட்ஜ் வேணாம்னு தீர்ப்புல எழுதியிருந்தாத்தான் நிக்கும். நிறுத்தணும்னா அவர் சேன்-துனி கூர் தப்பேல்ல (அப்பீல் கோர்ட்) மொத ப்ரெசிதாங்கிட்ட (தலைமை ஜட்ஜ்) தனியா மனு போட்டு, தீர்ப்பு மாற பலமான காரணமும் இருக்கு, நிறைவேத்தினா தாங்க முடியாத சேதமும் வரும்னு ரெண்டையும் காட்டணும். உங்க பக்கமும் ஒரு ஆயுதம் இருக்கு, தீர்ப்ப நிறைவேத்தாமலே அப்பீல் நடத்தறாரு, அந்த அப்பீல லிஸ்ட்லேர்ந்து எடுங்கன்னு நீங்க கேக்கலாம், உங்க அவொக்கா இத கட்டாயம் தெரிஞ்சு வெச்சிருப்பாரு. அவர் தீவுக்கு வெளிய இருக்கறதால அப்பீலுக்கு ஒரு மாசத்தோட இன்னொரு மாசம் சேரும், அதனால நாள் தாண்டிடுச்சுன்னு அவசரப்பட்டு முடிவு கட்டாதீங்க.

கேட் எடுக்கறதுல பயமில்ல, திரும்ப மாட்டிடலாம். ஆனா இடிக்கற வழக்குன்னா நான் கொஞ்சம் பொறுங்கன்னுதான் சொல்லுவேன், அப்பீல்ல தீர்ப்பு மாறினா நிறைவேத்தினவங்கதான் நஷ்டத்த ஈடு கட்டணும்.

கேள்வி (சேன்லூயிலேர்ந்து ஒரு தம்பி): நான் மறுபக்கத்துலேர்ந்து எழுதறேன். எங்க அம்மா வீட்டு தாங்கு சுவர் சரிஞ்சு குழந்தைங்க விளையாடற கீழ் வீட்டு தோட்டத்துல விழுந்துச்சு. 6 மாசத்துல திரும்ப கட்டணும், தவறினா நாளுக்கு 30 ஈரோன்னு தீர்ப்பு. உய்சியேவும் வந்து குடுத்துட்டாரு. அம்மாவுக்கு 74 வயசு, பென்ஷன் மட்டும்தான், மேஸ்திரி கேட்ட விலைய கேட்டு ராத்திரி தூங்கறதில்ல. நாங்க என்ன ஆவோம்?

பதில்: தம்பி, அம்மாகிட்ட மொதல்ல சொல்லு, அவங்கள யாரும் வீட்ட விட்டு வெளிய தள்ள வரல. அஸ்த்ரேன்த் தண்டனைக் காசு இல்ல, நகர வைக்கறதுக்குத்தான். நகர்றீங்கன்னு ஜட்ஜுக்கு தெரிஞ்சா அதுக்கு மதிப்பு உண்டு. அதனால இன்னிலேர்ந்து நீ செய்யற ஒவ்வொண்ணுக்கும் காகிதம் வெச்சுக்கோ: மேஸ்திரிங்க குடுத்த துவி (விலை மதிப்பீடு), வர முடியாதுன்னு அவங்க அனுப்பின மெயில், மேரில (நகராட்சி ஆபீஸ்) என்ன அனுமதி வேணும்னு கேட்ட கடிதம், இன்சூரன்ஸுக்கு எழுதினது, பேங்க்ல கடன் கேட்டு மறுத்த காகிதம். கரான்ஸுக்கு அப்புறம் மேஸ்திரி கெடைக்கலன்னு வெறும் வாயால சொன்னா எடுபடாது, எழுத்துல இருந்தா எடுபடும். நிஜமான தடைய காட்டினா ஜட்ஜ் தொகைய குறைக்கலாம், வெளிக் காரணத்தாலதான் முடியலன்னு நிரூபிச்சா முழுசாவோ பாதியாவோ ரத்தே பண்ணலாம். சுவருக்கு காசில்லன்னு சொல்லிட்டு அதே சமயத்துல முன்பக்கம் புது வராங் (வராந்தா) கட்டினவங்க வழக்குல ஜட்ஜ் ஒரு ஈரோகூட குறைக்க மாட்டாரு, உங்க வீட்டுல அப்படி எந்த வேலையும் இப்ப ஆரம்பிக்காதீங்க.

ரெண்டாவது, கீழ் வீட்டுக்காரர நேர்ல போய் பாரு. கோர்ட்டுல தோத்த பிறகு போய் நிக்க கூச்சமா இருக்கும், எனக்குப் புரியுது. ஆனா அவங்களுக்கு வேண்டியது அம்மாவோட காசில்ல, மழை காலத்துக்கு முன்னாடி ஒரு பத்திரமான சுவர். மொதல்ல இந்த பகுதி, அப்புறம் அந்த பகுதின்னு கட்டி முடிக்க ஒரு அட்டவணை போட்டு, அதுவரைக்கும் அஸ்த்ரேன்த கேக்க மாட்டோம்னு ரெண்டு பேரும் கையெழுத்து போட்டா அது உங்கள காப்பாத்தும். நேர்ல பேச முடியலன்னா சமரசம் பண்ணி வைக்கற கொன்சிலியாத்தர் து ழுஸ்தீஸ்கிட்ட போங்க, அவருக்கு காசு குடுக்க வேணாம். அவொக்கா செலவுக்கு பென்ஷன் கம்மியா இருக்கறதால எத் ழூரிதிக்சியோனெல்லுக்கு, அதாவது அரசாங்க சட்ட உதவிக்கு, மனு போடலாம். மழை காலத்துக்கு முன்னாடி மண்ண தாங்கறதுக்கு தற்காலிகமா ஏதாவது போட்டு அதையும் போட்டோ எடுத்து வெச்சுக்கோ, கீழ குழந்தைங்க விளையாடற எடம்னு நீயே எழுதியிருக்க, கோர்ட்ட விட அதுதான் முக்கியம்.

கேள்வி (சேன்பியேர்லேர்ந்து ஒரு பெரியவர்): 1996ல எங்க அப்பா வாங்கின தீர்ப்பு, வேலிய பின்னாடி தள்ளணும்னு. அப்பா அத நிறைவேத்திக்கல, இப்போ காலமாயிட்டாரு. நான் அத வெச்சு உய்சியேகிட்ட போகலாமா?

பதில்: ஐயா, அந்த காகிதத்த வெச்சு முடியாதுன்னுதான் நெனைக்கறேன். முன்னாடி 30 வருஷம் இருந்துச்சு, 2008 ஜூன் 17 சட்டம் அத 10 ஆக்கிடுச்சு, பழைய தீர்ப்புக்கெல்லாம் புது கணக்கு 2008 ஜூன் 19ல ஆரம்பிச்சு 2018 ஜூன்ல முடிஞ்சு போச்சு, நடுவுல அப்பா உய்சியே மூலமா ஏதாவது நடவடிக்கை எடுத்திருந்தா மட்டும் வேற மாதிரி. அப்பாவோட பழைய பெட்டிய ஒருதடவ நல்லா தேடி பாருங்க. ஆனா நிலம் உங்களோடதுங்கறது வேற விஷயம், சொத்துரிமை பயன்படுத்தாம விட்டதால மட்டும் போகாது. பயம் என்னன்னா, எதிராளி 30 வருஷம் சொந்தக்காரர் மாதிரி ஆண்டு அனுபவிச்சேன்னு நிலத்தயே கேக்கலாம். அதனால காலம் கடத்தாம தீர்ப்பையும் ழெயோமேத்ர் ப்ளானையும் எடுத்துக்கிட்டு ஒரு அவொக்காவ பாருங்க.

கேள்வி (லெ போர்லேர்ந்து ஒரு வாசகர்): காரைக்கால்ல எங்க பூர்வீக வீட்டுக்கு போற சந்த பக்கத்து வீட்டுக்காரர் சுவர் வெச்சு அடைச்சுட்டாரு. இடிக்கணும்னு அங்க கோர்ட்ல தீர்ப்பு ஆயிடுச்சு. எனக்கு ஃப்ரெஞ்சு குடியுரிமை, வருஷத்துக்கு ஒருதடவதான் போவேன். இங்கேர்ந்தே நிறைவேத்த முடியுமா?

பதில்: முடியும், ஆனா இங்க இருக்கற உய்சியேவால ஆகாது, தீர்ப்பு குடுத்த கோர்ட்லயே எக்ஸிக்யூஷன் பெட்டிஷன் (நிறைவேத்தச் சொல்ற மனு), எல்லாரும் ஈ.பி.ங்கறாங்களே, அத போடணும். சுவர இடின்னு ஒரு காரியத்த செய்யச் சொல்ற உத்தரவுக்கு லிமிடேஷன், அதாவது காலக்கெடு, 3 வருஷம்தான், தீர்ப்பு தேதிலேர்ந்து, இல்ல இடிக்க தேதி குடுத்திருந்தா அந்த தேதிலேர்ந்து. எல்லாத்துக்கும் 12 வருஷம்னு யாராவது சொன்னா நம்பி ஏமாறாதீங்க, அது மத்த டிக்ரிகளுக்கு. உங்க கடிதத்துல தேதி இல்ல, இன்னிக்கே பாருங்க.

பவர் ஆஃப் அட்டர்னி நம்பிக்கையான ஒருத்தர் பேருக்கு குடுங்க, இங்க நொத்தேர் (நோட்டரி) முன்னாடி கையெழுத்து போட்டு அப்பொஸ்தீல் (வெளிநாட்டுல செல்லுபடியாக்கற முத்திரை) வாங்கி அனுப்புங்க, இந்தியாவுக்கு போய் சேந்த 3 மாசத்துக்குள்ள அங்க ஸ்டாம்ப் கட்டணும், இத விட்டுட்டு கோர்ட்ல மாட்டிக்கிட்டவங்க உண்டு. எதிராளி அசையலன்னா ஆர்டர் 21 ரூல் 32ல சொத்த ஜப்தி பண்ணலாம், சிவில் சிறை கேக்கலாம், உங்களுக்கு எல்லாத்தயும் விட உபயோகமானது அதுல 5வது உட்பிரிவு, கோர்ட்டே ஆள் வெச்சு இடிச்சு செலவ எதிராளி தலையில போடலாம். உங்க வக்கீல அதையும் சேத்து கேக்கச் சொல்லுங்க. ஈ.பி. வருஷக்கணக்கா இழுக்குதுன்னு கவலைப்பட்டா, 2021 ஏப்ரல்ல ராகுல் ஷா வழக்குல சுப்ரீம் கோர்ட் 6 மாசத்துக்குள்ள முடிக்கணும்னு சொல்லியிருக்கு, 2025 மார்ச்ல தமிழ்நாட்டுலேர்ந்து போன பெரியம்மாள் வழக்குலயும் அதயே திரும்ப வலியுறுத்தி ஹைகோர்ட்டுங்கள கணக்கெடுக்கச் சொல்லியிருக்கு. மனுவுல இந்த ரெண்டையும் வக்கீல் குறிப்பிடட்டும். சந்து அடைச்சிருக்கறத தேதி தெரியற மாதிரி போட்டோ எடுத்து அனுப்ப ஊர்ல யாராவது இருந்தா மாசாமாசம் எடுக்கச் சொல்லுங்க.